ஓடி மறையும் ஆட்டத்தைப் பிடித்து வைத்த கதை

அஸ்தினாபுரம் என்றவுடன் உங்கள் நினைவுக்கு வருவது எது? தென்சென்னையில் வாழ்வோருக்கு அது குரோம்பேட்டையை அடுத்துள்ள ஊர். பாரதக் கதை கேட்டவர்களுக்கோ குருகுலத்தாரின் தலைநகர். அந்தத் தலைநகரின் அரண்மனையில் கண்ணற்ற திருதராட்டிரனுக்குச் சஞ்சயன் போர்க்களக் காட்சிகளை எடுத்துரைத்தான். உலகின் முதல் நேரடி வருணனை அதுவே என்று மேடைகளில் வேடிக்கையாகச் சொல்வதுண்டு.

ஆனால் வியாசரின் நூலைக் கூர்ந்து படித்தால் வேறொன்று புலப்படும். பத்தாம் நாள் பீஷ்மர் வீழ்ந்த பிறகுதான் சஞ்சயன் களத்திலிருந்து ஓடிவந்து அச்செய்தியைச் சொல்கிறான். மன்னன் பதறிக் கேட்க, முதல் நாளிலிருந்து நடந்தவற்றை வரிசையாக விரித்துரைக்கிறான். ஆகவே அது நேரடி ஒளிபரப்பு அன்று. பதிந்து வைத்ததன் மறு ஒளிபரப்பு! முடிவு முதலில் தெரிந்துவிட்டது. ஆட்டம் பின்னால் வந்தது.

இன்றைய அஸ்தினாபுரத்தில் கூடைப்பந்து ரசிகர் ஒருவருக்கும் இதே தொல்லைதான். குளிர்காலத்தில் நியூயார்க் நகரில் இரவு 8 மணிக்குத் தொடங்கும் ஆட்டம், நமக்கு மறுநாள் காலை 6.30 மணிக்கு வருகிறது. லாஸ் ஏஞ்சல்ஸில் இரவு 7.30 மணிக்குத் தொடங்கினால் இங்கே காலை 9 மணி. மாணவர் வகுப்பில் இருப்பார். அலுவலர் மின்ரயிலில் இருப்பார். ஆட்டத்தைப் பிடித்து வைத்து, மாலையில் பார்த்தால்தான் உண்டு. அமெரிக்க ரசிகர்களுக்கு இதற்கென்றே இன்று ஒரு வசதி இருக்கிறது. வீட்டில் பெட்டியும் வேண்டாம், நாடாவும் வேண்டாம். இணையத் தொலைக்காட்சி நிறுவனத்தின் கணிப்பொறியே ஆட்டத்தைப் பதிந்து வைத்துக்கொள்கிறது. இதனைக் கிளவுட் பதிவு என்கிறார்கள்.

ஓடும் ஆட்டத்தைப் பிடித்து வைக்கும் இக்கலை எங்ஙனம் வளர்ந்தது? அதில் நாம் பெற்றது என்ன, இழந்தது என்ன? இக்கட்டுரையில் காண்போம்.

பந்து வந்த வழி

கூடைப்பந்தைக் கண்டுபிடித்தவர் ஜேம்ஸ் நெய்ஸ்மித். 1891 டிசம்பரில், அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டு நகரில் இருந்த ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளியில், குளிர்காலத்தில் மாணவர்கள் கூரைக்குள்ளேயே ஆடுவதற்காக அவர் இவ்வாட்டத்தை அமைத்தார். அதே பள்ளியில் பயின்ற ஹாரி குரோ பக் என்பவர் 1920-இல் சென்னையில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியை நிறுவினார். நந்தனத்தில் இன்றும் விளங்கும் அக்கல்லூரியில் பயின்ற உடற்பயிற்சி ஆசிரியர்கள் பள்ளிதோறும் சென்று பல விளையாட்டுகளைப் பரப்பினார்கள். 1980-இல் மாஸ்கோ ஒலிம்பிக் போட்டியில் இந்திய ஆடவர் கூடைப்பந்து அணி கலந்துகொண்டது. 2009 செப்டம்பரில் ஆசிய மகளிர் கூடைப்பந்துப் போட்டி சென்னையிலேயே நடைபெற்றது.

தொலைக்காட்சியில் கூடைப்பந்து முதன்முதலாகத் தோன்றிய நாள் 1940 பிப்ரவரி 28. நியூயார்க்கின் மாடிசன் சதுக்க அரங்கில் பிட்ஸ்பர்க், ஃபோர்டம் என்னும் இரு பல்கலைக்கழக அணிகள் மோதின. பிட்ஸ்பர்க் வென்றது. அந்நகரில் அப்போது தொலைக்காட்சிப் பெட்டி வைத்திருந்த சிலர் அதைக் கண்டார்கள். கண்டதோடு சரி. அலைகள் காற்றில் கலந்தன, ஆட்டம் மறைந்தது. அதைப் பதிந்து வைக்கும் வீடியோ நாடாப் பொறி அன்று உலகில் எங்குமே இல்லை.

சான்று இல்லாத நூறு புள்ளிகள்

பதிவு இல்லாமற்போனால் என்ன இழப்பு என்று கேட்பீர்கள். இரண்டு நிகழ்ச்சிகளைச் சொல்லலாம்.

1962 மார்ச் 2. அமெரிக்காவில் ஹெர்ஷி என்னும் சிற்றூர். ஃபிலடெல்ஃபியா வாரியர்ஸ் அணியின் வில்ட் சேம்பர்லேன், நியூயார்க் நிக்ஸ் அணிக்கு எதிராகத் தனியொருவராக 100 புள்ளிகள் எடுத்தார். அந்தக் கூடைப்பந்துச் சங்கத்தின் வரலாற்றில் வேறெவரும் ஓர் ஆட்டத்தில் 100 புள்ளியைத் தொட்டதில்லை. ஆட்டம் 169-147 என்று முடிந்தது. அரங்கில் இருந்தோர் 4,124 பேர். தொலைக்காட்சிக் காமிரா ஒன்றுகூட அங்கில்லை! ஆட்டம் முடிந்தபின், 100 என்று கையால் எழுதிய தாளை அவர் பிடித்திருக்கும் புகைப்படம் கிடைத்திருக்கிறது. கடைசிக் கால்பகுதியின் வானொலி வருணனையும் நாடாவில் தப்பியது. அந்த ஒலியைப் பிற்காலத்தில் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் காக்கத்தக்க தேசியப் பதிவுகளுள் ஒன்றாகச் சேர்த்துக்கொண்டது. ஆனால் அந்த நூறு புள்ளிகளையும் கண்ணால் காண இனி எவராலும் இயலாது.

இரண்டாவது நம் நாட்டுக்குரியது. 1983 ஜூன் 18. இங்கிலாந்தின் டன்பிரிட்ஜ் வெல்ஸ் மைதானத்தில் ஜிம்பாப்வே அணிக்கு எதிராக இந்தியா 17 ஓட்டங்களுக்கு 5 விக்கெட்டுகளை இழந்து தவித்தது. அப்போது களத்தில் நின்ற கபில்தேவ் ஆட்டமிழக்காமல் 175 ஓட்டங்கள் குவித்தார். அந்த வெற்றி இல்லையேல் உலகக் கோப்பையும் இல்லை. ஆனால் அன்று பி.பி.சி. அம்மைதானத்தில் ஒளிபரப்பவில்லை. கபிலின் அந்த ஆட்டத்துக்கு அசையும் படச் சான்று இன்றளவும் இல்லை. பார்த்தவர்கள் சொல்லக் கேட்டும், புள்ளிப்பட்டியலைப் படித்தும் நாம் நிறைவடைய வேண்டியிருக்கிறது.

படத்தைப் பதிவது ஏன் கடினம்?

1940-களின் முடிவில் ஒலியைக் காந்த நாடாவில் பதிவது எளிதாகிவிட்டது. பின்னர் படத்தைப் பதிய மட்டும் ஏன் பல ஆண்டுகள் ஆயின?

காரணம் அதிர்வெண். மனிதக் காதுக்கு எட்டும் ஒலி வினாடிக்கு ஏறத்தாழ 20,000 அதிர்வுகளுக்குள் அடங்கிவிடும். தொலைக்காட்சிப் படத்துக்கோ வினாடிக்கு 40 லட்சம் அதிர்வுகள் வேண்டும். அதாவது 200 மடங்கு. நாடாவின் மீது ஒவ்வோர் அதிர்வும் ஒரு சிறு காந்தக் கோடாகப் பதிகிறது என்று கொள்ளுங்கள். கோடுகள் ஒன்றன்மேல் ஒன்று விழாமலிருக்க, நாடா அத்தனை மடங்கு விரைவாக ஓடியாக வேண்டும்.

சிலர் அப்படியே ஓட்டிப் பார்த்தார்கள். 1953-இல் அமெரிக்காவின் ஆர்.சி.ஏ. நிறுவனம் செய்த பொறியில் நாடா வினாடிக்கு 9 மீட்டர் வேகத்தில் பறந்தது. பெரிய வண்டிச் சக்கரம் போன்ற சுருள் நான்கே நிமிடத்தில் தீர்ந்துபோயிற்று! பி.பி.சி. பொறியாளர்கள் அமைத்த வெரா என்னும் பொறியில் வினாடிக்கு 5 மீட்டர். கால் மணி நேரம் பதியலாம். ஒரு கூடைப்பந்து ஆட்டத்தின் பாதிகூட அதற்குள் முடியாது.

அதனால் நிலையங்கள் வேறொரு வழியைக் கையாண்டன. தொலைக்காட்சித் திரைக்கு எதிரே சினிமாக் காமிராவை நிறுத்தி, திரையில் தெரிவதைப் படச்சுருளில் எடுத்தார்கள். இதற்குக் கினஸ்கோப் என்று பெயர். படம் மங்கலாக இருந்தது. கழுவி உலர்த்தவும் நேரம் பிடித்தது.

புதிரை அவிழ்த்தது ஆம்பெக்ஸ் என்னும் சிறு நிறுவனம். சார்லஸ் கின்ஸ்பர்க் தலைமையில் இயங்கிய அக்குழுவில், பிற்காலத்தில் ஒலி நுட்பத்தால் புகழ்பெற்ற ரே டால்பி இளைஞராகப் பணிபுரிந்தார். அவர்கள் நாடாவை விரைவாக ஓட்டவில்லை. பதியும் தலையைச் சுழற்றினார்கள்!

உழவை எண்ணிக்கொள்ளுங்கள். நீண்ட ஒற்றைச் சாலாக மைல் கணக்கில் உழ வேண்டியதில்லை. வயலின் குறுக்கே, சாலுக்கு அடுத்த சாலாக நெருக்கி உழுதால் சிறு நிலத்திலேயே அத்தனை நீளமும் அடங்கிவிடும். ஆம்பெக்ஸ் பொறியில் இரண்டு அங்குல அகல நாடா மெதுவாக, வினாடிக்கு 38 சென்டிமீட்டர் வேகத்தில் நகர்ந்தது. நான்கு காந்தத் தலைகள் பொருத்திய சக்கரம் ஒன்று நிமிடத்துக்கு 14,400 முறை சுழன்று, நாடாவின் குறுக்கே கோடுகளைக் கீறிச் சென்றது. நாடாவைப் பொறுத்தவரை தலையின் வேகம் மணிக்கு ஏறத்தாழ 140 கிலோமீட்டர்.

1956 ஏப்ரல் 14 அன்று சிகாகோவில் இப்பொறி காட்டப்பட்டது. அவ்வாண்டு நவம்பர் 30-ஆம் நாள் சி.பி.எஸ். நிறுவனம் நியூயார்க்கின் மாலைச் செய்தியை நாடாவில் பதிந்து, மேற்குக் கரை நேயர்களுக்கு அவர்களுடைய மாலை நேரத்தில் ஒளிபரப்பியது. ஒரே நாட்டுக்குள் மூன்று மணி நேர வேறுபாடு இருந்ததே இப்பொறிக்கு முதல் வேலை தந்தது என்பதைக் கவனியுங்கள். அஸ்தினாபுரத்து ரசிகரின் பத்தரை மணி நேரத் தொல்லையும் அதே இனத்தைச் சேர்ந்ததுதான்.

விளையாட்டுக்கு இப்பொறி புதியதொரு கண்ணையும் கொடுத்தது. 1963 டிசம்பர் 7 அன்று, அமெரிக்கத் தரைப்படை, கடற்படை அணிகளின் கால்பந்து ஆட்டத்தில், டோனி வெர்னா என்னும் இயக்குநர் அப்போதுதான் நடந்த ஒரு காட்சியை உடனே நாடாவிலிருந்து மறுபடி காட்டினார். இன்று நடுவரின் தீர்ப்பையே மாற்றும் மறுகாட்சி அன்று பிறந்தது.

ஒரு பாடகரின் அச்சம்

பார்க்க நேரமில்லாமல் பதிந்து வைப்பவர் உண்டு. பார்க்கத் துணிவில்லாமல் பதிந்து வைத்தவரும் ஒருவர் உண்டு. புகழ்பெற்ற பாடகர் பிங் கிராஸ்பிதான் அவர். ஆம்பெக்ஸின் ஒலிநாடாப் பொறிகளுக்குத் தொடக்கத்தில் 50,000 டாலர் கொடுத்து உதவியவரும் அவரே. பிட்ஸ்பர்க் பேஸ்பால் அணியில் அவருக்குப் பங்கு இருந்தது. 1960 அக்டோபர் 13-ஆம் நாள் தொடரின் இறுதி ஆட்டம். பார்த்தால் அணி தோற்றுவிடுமோ என்று அஞ்சிய அவர் பாரிஸில் இருந்துகொண்டு, ஆட்டத்தைக் கினஸ்கோப்பில் எடுத்து வைக்க ஆள் அமர்த்தினார். அணி 10-9 என்று வென்றது. அவர் ஊர் திரும்பிப் படத்தைக் கண்டு மகிழ்ந்தார். சுருள்கள் அவர் வீட்டு நிலவறையில் கிடந்தன. 2009-இல் அவை வெளிப்பட்டபோது, அந்த ஆட்டத்தின் முழு ஒளிபரப்பு உலகில் அங்கே மட்டுமே இருந்தது தெரியவந்தது!

நிலையங்கள் ஏன் வைத்திருக்கவில்லை? நாடாவின் விலை அதிகம். ஒரு மணி நேர நாடாவுக்கு 300 டாலர் அளவில் ஆயிற்று. ஆகவே பழையதை அழித்து அதன்மேல் புதியதைப் பதிந்தார்கள். 1967 ஜனவரி 15-இல் நடந்த முதலாவது சூப்பர் பவுல் ஆட்டத்தை இரண்டு பெரிய நிறுவனங்கள் ஒளிபரப்பின. இரண்டிடமும் முழு நாடா மிஞ்சவில்லை. பென்சில்வேனியாவில் ஒருவர் தமக்கெனப் பதிந்து, பரணில் போட்டு வைத்திருந்த நாடாக்கள் 2005-இல் கிடைத்தன. விளையாட்டுக்கு மட்டும் நேர்ந்த கதியன்று இது. 1969-இல் நிலவிலிருந்து வந்த முதல் நடையின் மூல நாடாக்களும் அழிக்கப்பட்டு மறுபடி பயன்படுத்தப்பட்டன என்று நாசா 2009-இல் தெரிவித்தது. ஒளிபரப்புக்காக மாற்றிய படங்கள் இருந்ததால் நாம் தப்பினோம்.

இவற்றிலிருந்து ஒன்று விளங்குகிறது. நிலையங்கள் வைக்கத் தவறியதைத் தனி மனிதரின் பரணும் நிலவறையும் காத்திருக்கின்றன.

வீட்டுக்கு வந்த பெட்டி

1975-இல் சோனியின் பீட்டாமேக்ஸும், 1976-இல் ஜே.வி.சி.யின் வி.எச்.எஸ். வகையும் வந்தன. நாடாவின் அகலம் அரை அங்குலமாகக் குறைந்தது. தலைகள் நாடாவின் குறுக்கே நேராகச் செல்லாமல் சாய்வாகக் கீறின. நம் நாட்டில் பயன்பட்ட வி.எச்.எஸ். பொறியில் நாடா வினாடிக்கு 2.34 சென்டிமீட்டரே நகர்ந்தது. 250 மீட்டர் நாடாவில் மூன்று மணி நேரம் அடங்கியது. கடிகாரத்தை முடுக்கி வைத்துவிட்டு வெளியே போகலாம். பெட்டி தானே பதிந்துகொள்ளும்.

படநிறுவனங்கள் பொறுக்கவில்லை. 1976-இல் யுனிவர்சல் நிறுவனம் சோனியின் மீது வழக்குத் தொடுத்தது. எட்டாண்டு நடந்த வழக்கில், 1984 ஜனவரி 17 அன்று அமெரிக்க உச்சநீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்னும் ஒரே வாக்கு வேறுபாட்டில் தீர்ப்பளித்தது. வீட்டில் ஒருவர் பிறகு பார்ப்பதற்காகப் பதிவது நியாயமான பயன்பாடே என்பது அதன் சாரம். ஒரு நீதிபதி மாறி வாக்களித்திருந்தால் இக்கருவியின் வரலாறே வேறாகியிருக்கும்.

நம் பக்கம் என்ன நடந்தது? 1950 ஜனவரியில் சென்னை தேனாம்பேட்டையில் நடந்த பொருட்காட்சியில் பி. சிவகுமாரன் என்னும் மின்பொறியியல் மாணவர் தொலைக்காட்சியைச் செய்து காட்டினார். அதற்கு முந்தைய ஆண்டில்தான், 1949-இல், சி. ராஜம் குரோம்பேட்டையில் எம்.ஐ.டி. என்னும் சென்னைத் தொழில்நுட்பக் கல்லூரியை நிறுவியிருந்தார். மின்னணுவியலைத் தனிப் பாடமாகக் கற்பித்த முன்னோடிகளுள் அது ஒன்று. ஆயினும் சென்னையில் தொலைக்காட்சி நிலையம் தொடங்க 1975 ஆகஸ்ட் 15 வரை காத்திருக்க நேர்ந்தது. 1982-இல் தில்லியில் ஆசிய விளையாட்டுப் போட்டி நடந்தபோது வண்ண ஒளிபரப்பு வந்தது. அதையொட்டி வண்ணப் பெட்டிகளும், அவற்றின் பின்னே வீடியோ பொறிகளும் நம் வீடுகளுக்கு வந்தன. தெருமுனைகளில் கேசட் வாடகைக் கடைகள் முளைத்தன. ஆனால் நம் மக்கள் அப்பொறியைத் திரைப்படம் பார்க்கவும், கல்யாண வீடியோவைத் திரும்பத் திரும்பப் போட்டு மகிழவுமே பெரிதும் பயன்படுத்தினார்கள்.

எண்ணாக மாறிய காட்சி

நாடா தேயும்; பூஞ்சை பிடிக்கும்; பிரதிக்குப் பிரதி படம் மங்கும். இதற்கு மாற்று, படத்தை எண்களாக்கி வைப்பது. ஆனால் எண்களின் பெருக்கத்தைப் பாருங்கள். சாதாரணத் தொலைக்காட்சிப் படம் ஒன்றில் 720-க்கு 576 புள்ளிகள். வினாடிக்கு 25 படங்கள். புள்ளிக்கு இரண்டு பைட் வீதம் கணக்கிட்டால் ஒரு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 75 ஜிகாபைட் ஆகும். 1990-களின் வீட்டுக் கணிப்பொறிக்கு இது கற்பனைக்கும் எட்டாத அளவு.

இம்மலையைக் கடுகாக்கிய கணிதத்தில் நம்மவர் பங்கு பெரிது. பெங்களூரில் பிறந்த நசீர் அகமது 1972-இல் அமெரிக்காவில் ஓர் ஆய்வுத் திட்டம் எழுதினார். அங்குள்ள தேசிய அறிவியல் நிறுவனம் அதற்குப் பணம் தர மறுத்துவிட்டது. அவர் விடவில்லை. தம் மாணவர் டி. நடராஜன், நண்பர் கே. ஆர். ராவ் ஆகியோருடன் 1974-இல் ஆய்வுக் கட்டுரையை வெளியிட்டார். தனித்த கொசைன் உருமாற்றம் என்பது அதன் பொருள். அவர்களுள் கே. ஆர். ராவ் நம் கிண்டிப் பொறியியல் கல்லூரியில் 1952-இல் பட்டம் பெற்றவர். குரோம்பேட்டையில் மின்ரயில் ஏறினால் கிண்டி சிறிது தூரந்தான்!

அம்முறையின் கருத்து எளிது. படத்தை எட்டுக்கு எட்டாகச் சிறு கட்டங்களாகப் பிரிக்க வேண்டும். ஒவ்வொரு கட்டத்தின் 64 புள்ளிகளையும் 64 அலைகளின் கூட்டாக எழுத வேண்டும். அவற்றுள் கண்ணுக்குப் பெரிதாகத் தெரிவன சில அலைகளே. எஞ்சியவற்றைக் குறுக்கலாம் அல்லது விட்டுவிடலாம். அத்துடன், முந்தைய படத்திலிருந்து மாறாத பகுதிகளைத் திரும்ப எழுதாமல், மாறியதை மட்டும் எழுதினால் போதும். இவ்வாறு 75 ஜிகாபைட் இரண்டுக்கும் கீழே இறங்கிவிடுகிறது.

செய்தி வாசிப்பவரின் முகத்தைச் சுருக்குவது எளிது, உதடுகளே அசைகின்றன. கூடைப்பந்தைச் சுருக்குவது கடினம். பத்துப் பேரும் ஓடுகிறார்கள். காமிராவும் இடமும் வலமுமாக அவர்களைத் தொடர்கிறது. பின்னால் கூட்டம் கையசைக்கிறது. படத்தில் எல்லாமே மாறிக்கொண்டிருக்கின்றன. அதனால்தான் இணைய வேகம் குறையும்போது ஆட்டத்தின் மிக முக்கியமான நொடியில் படம் கட்டம் கட்டமாக உடைவதைக் காண்கிறீர்கள்.

1999-இல் அமெரிக்காவில் டிவோ, ரீப்ளே டிவி என்னும் பெட்டிகள் வந்தன. உள்ளே நாடா இல்லை. கணிப்பொறியின் காந்தத் தட்டு இருந்தது. பதிந்துகொண்டிருக்கும்போதே முற்பகுதியைப் பார்க்கலாம். நேரடி ஆட்டத்தை நிறுத்தி வைத்துவிட்டுத் தண்ணீர் குடித்து வரலாம். நம் நாட்டில் 2008-இல் டாடா ஸ்கை பிளஸ் இத்தகைய பெட்டியைத் தந்தது.

தட்டு எங்கே இருக்கிறது?

அடுத்த படி எளியதாகத் தோன்றும். தட்டு ஏன் வீட்டில் இருக்க வேண்டும்? நிறுவனத்திடமே இருக்கட்டுமே! 2006-இல் கேபிள்விஷன் என்னும் அமெரிக்க நிறுவனம் இவ்வாறு அறிவித்தவுடன் மறுபடியும் வழக்கு. வீட்டில் பதிபவர் நேயர். நிறுவனத்தின் கட்டடத்தில் பதிபவர் யார்? நேயரா, நிறுவனமா? கீழ்நீதிமன்றம் நிறுவனமே என்றது. 2008 ஆகஸ்ட் 4 அன்று மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை மாற்றியது. பொத்தானை அழுத்துபவரே பதிபவர். ஒவ்வொருவருக்கும் தனித்தனிப் பிரதி இருப்பதால் அது பொது ஒளிபரப்பு ஆகாது என்றது. பதிவதற்கு முன் படம் 1.2 வினாடி நேரம் இடைநினைவகத்தில் தங்குகிறதே, அது பிரதியா என்பதுகூட வாதிக்கப்பட்டது. அவ்வளவு குறுகிய தங்கல் பிரதியாகாது என்பது தீர்ப்பு.

இதன் விளைவு வேடிக்கையானது. இரண்டரை மணி நேர ஆட்டம் ஒன்று, வினாடிக்கு 50 லட்சம் பிட் வீதம் ஐந்தரை ஜிகாபைட்டுக்குச் சற்று மேல் வரும். ஒரு லட்சம் பேர் அதைப் பதியச் சொன்னால் பொறியியலுக்கு ஒரு பிரதி போதும். ஆளுக்கொரு பிரதி என்னும் சட்ட முறைப்படியோ ஐந்தரை லட்சம் ஜிகாபைட் வேண்டும்! ஒரே ஆட்டம் ஒரே கட்டடத்தில் லட்சம் முறை எழுதப்படுகிறது. சட்டமும் பொறியியலும் எதிரெதிர்த் திசையில் இழுத்தால் என்ன நேரும் என்பதற்கு இதனினும் நல்ல எடுத்துக்காட்டு கிடைப்பது அரிது.

கிளவுட் என்றால் மேகம். பெயரைக் கேட்டு வானத்தைப் பார்க்க வேண்டாம். அது தரையில், குளிரூட்டிய கட்டடங்களில் அடுக்கிய கணிப்பொறிகள்தாம். நம் சிறுசேரியிலும் அம்பத்தூரிலும் அத்தகைய தரவு மையங்கள் எழுந்துள்ளன. வெளிநாட்டு ஆட்டம் நமக்கு வரும் வழியும் கடலடியில்தான் இருக்கிறது. சென்னையையும் சிங்கப்பூரையும் இணைக்கும் ஏறத்தாழ 3,200 கிலோமீட்டர் நீளக் கடலடிக் கம்பி 2002 முதல் இயங்குகிறது.

2017 ஏப்ரலில் தொடங்கிய யூடியூப் டிவி, எத்தனை ஆட்டங்களை வேண்டுமானாலும் பதியலாம், ஒன்பது மாதம் வைத்திருப்போம் என்றது. அச்சேவை இந்தியாவில் இல்லை. இங்கே 2015-இல் ஹாட்ஸ்டாரும், 2016-இல் ஜியோவும் வந்தன. ஜியோ டிவி கடந்த ஏழு நாள் நிகழ்ச்சிகளைத் திரும்பப் பார்க்கும் வசதியைத் தந்தது. அதில் நீங்கள் எதையும் பதிவதில்லை. நிறுவனம் வைத்திருப்பதை நீங்கள் எட்டிப் பார்க்கிறீர்கள். இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டை மனத்தில் கொள்ளுங்கள்.

கடிகாரமும் ஆட்டமும்

எந்தப் பொறியானாலும் ஒரு கேள்வி மட்டும் தீரவில்லை. பதிவை எப்போது நிறுத்துவது?

திரைப்படத்துக்கு முடிவு நேரம் உண்டு. கூடைப்பந்துக்கு இல்லை. பன்னாட்டு விதிப்படி ஆட்ட நேரம் 40 நிமிடம். அமெரிக்கச் சங்கத்தில் 48 நிமிடம். ஆனால் பந்து வெளியே போனால் கடிகாரம் நிற்கும். பயிற்சியாளர் இடைவேளை கேட்டாலும் நிற்கும். சமநிலையில் முடிக்கவும் விதி இடந்தருவதில்லை. ஐந்து நிமிடம் கூடுதலாக ஆட வேண்டும். அப்போதும் சமமானால் மேலும் ஐந்து. 1951 ஜனவரி 6 அன்று இண்டியானாபொலிஸ், ராசெஸ்டர் அணிகள் ஆறு கூடுதல் பகுதிகள் ஆடின! 48 நிமிட ஆட்டம் 78 நிமிடமாயிற்று.

பதிவுப்பொறியோ நிகழ்ச்சிப் பட்டியலை நம்பி இயங்குகிறது. 10 மணிக்கு முடியும் என்று பட்டியல் சொன்னால் அது 10 மணிக்கு நின்றுவிடும். கடைசிப் பந்து வளையத்தை நோக்கிப் பறக்கும்போது படம் அறுந்துபோகும். 1968 நவம்பர் 17 அன்று ஓர் ஒளிபரப்பு நிறுவனமே இப்பிழையைச் செய்தது. ஜெட்ஸ், ரெய்டர்ஸ் அணிகளின் கால்பந்து ஆட்டத்தில் ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல் மீதமிருக்க, பட்டியலின்படி ஹெய்டி என்னும் குழந்தைப் படத்துக்கு மாறிவிட்டது. அந்தச் சிறு இடைவெளியில் ரெய்டர்ஸ் அணி இருமுறை எல்லையைத் தொட்டு 43-32 என்று வென்றது. நேயர்களின் சீற்றம் சொல்லுந்தரமன்று.

கிளவுட் முறையில் இதற்கு ஓரளவு தீர்வு உண்டு. இணையத்தில் வரும் ஆட்டம் ஒரே ஓட்டமாக வருவதில்லை. சில வினாடி நீளமுள்ள துண்டுகளாக வருகிறது. எந்தத் துண்டுக்குப் பின் எந்தத் துண்டு என்னும் பட்டியலே நீங்கள் காணும் ஆட்டம். ஆகவே ஆட்டம் நீண்டால் பட்டியலில் மேலும் சில துண்டுகளைச் சேர்த்துவிடலாம். விளையாட்டு என்று தெரிந்தால் முடிவு நேரத்தைத் தானே நீட்டிக்கும் ஏற்பாட்டைச் சில நிறுவனங்கள் செய்துள்ளன. அந்த வசதி இல்லாத இடத்தில் ரசிகர்கள் ஒரு பழைய உத்தியைக் கையாள்கிறார்கள்: ஆட்டத்துக்கு அடுத்த நிகழ்ச்சியையும் சேர்த்துப் பதிந்துவிடுவது!

யாருடைய பிரதி?

வாசகர்களே! எழுபது ஆண்டு வளர்ச்சியைக் கண்டோம். அறையை அடைத்த பொறி மறைந்தது, நாடா மறைந்தது, பெட்டியும் மறைந்துகொண்டிருக்கிறது. வசதி பெருகியது உண்மை. ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பீட்டாமேக்ஸ் நாடா உங்கள் அலமாரியில் இருந்தது. அதை அழிக்க உங்கள் வீட்டுக்கு வந்தாக வேண்டும். கிளவுட் பதிவோ ஒன்பது மாதத்தில் தானே கழிந்துவிடும். சந்தாவை நிறுத்தினால் போய்விடும். நிறுவனம் உரிமையை இழந்தாலும் போய்விடும். அது உங்களுக்குத் தரப்பட்ட பார்வை. உங்களுக்குச் சொந்தமான பொருள் அன்று. எதிர்காலத்தில் ஓர் ஆட்டம் நிறுவனங்களிடம் தொலைந்துபோனால், அதைத் தேடிப் போக எவர் வீட்டுப் பரணும் இருக்கப்போவதில்லை.

பெரும் ஆட்டங்களைக் காக்கப் பலர் இருக்கிறார்கள். உங்கள் ஊர் ஆட்டங்களைக் காப்பவர் யார்? குரோம்பேட்டையிலும் தாம்பரத்திலும் பள்ளி மைதானங்களில் நடக்கும் கூடைப்பந்துப் போட்டிகளை எந்த நிறுவனமும் பதிவதில்லை. 1962-இல் ஹெர்ஷி அரங்கில் இல்லாத கருவி இன்று உங்கள் சட்டைப்பையில் இருக்கிறது. ஆகவே அடுத்த முறை உங்கள் பள்ளி அணி ஆடும்போது, மைதானத்தின் நடுக்கோட்டுக்கு நேரே, சற்று உயரமான இடத்தில் கைபேசியைக் கிடைமட்டமாக, அசையாமல் நிறுத்தி முழு ஆட்டத்தையும் பதியுங்கள். கோப்பின் பெயரில் நாள், இடம், அணிகள் மூன்றையும் எழுதுங்கள். ஒரு பிரதியைப் பள்ளிக் கணிப்பொறியிலும், மற்றொன்றை வேறொருவர் வீட்டுத் தட்டிலும் வையுங்கள். ஐந்தாண்டுக்கு ஒருமுறை புதிய தட்டுக்கு மாற்றுங்கள். அன்று ஆடும் மாணவிகளுள் ஒருத்தி நாளை இந்திய அணிக்கு ஆடினால், அவள் முதன்முதலில் பந்தைக் கூடையில் இட்ட காட்சியை ஊர் மக்கள் சொல்லிக் கேட்க வேண்டியிராது, கண்ணாலேயே காணலாம்.